நாலாவது உருண்டை

பனியன் கம்பெனிச் சங்கு ஊதுனா சோறு, திரும்ப ஊதுனா வேலைன்னு ஓடற எங்க லைன் ஊட்டுல, மேக்கால கடைசி ஊட்டு அடுப்புல கிண்டற களி தானாவே உருண்டை உருண்டையாப் பிரிஞ்சு நிக்கும்ங்க, அதும் அன்னைக்கு அந்தக் களியை எத்தனை பேரு உண்ணப் போறாங்களோ அத்தனை உருண்டை, ஒண்ணு எச்சாவும் இருக்காது, ஒண்ணு கம்மியாவும் இருக்காது. நம்பாதவங்க நம்பாண்டாம். நான் ஒண்ணும் ஓட்டுக் கேட்டு வரல.

அந்த ஊட்டுக்காரி பேரு அமாக்கா. நைஜீரியாக்காரி. அவ ஊட்டுக்காரன் ஒபின்னா, திருப்பூர்ல பனியன் வாங்கி மூட்டை கட்டிக் கப்பல்ல அவிய ஊருக்குத் தாட்டி உடற யாவாரி. பேருலயே அக்கா இருக்கறதால, அவளைப் பெத்தவ வயசுல இருக்கற நான் கூட அமாக்கா அமாக்கான்னுதான் கூப்பிட வேண்டியதாப் போச்சு; அவ என்னைய தெய்வாக்காம்பா. தமிழை எங்ககிட்டக் கத்துக்கிட்டதால அவளுக்கு 'ங்க' போடாமப் பேசத் தெரியாது, பூனை வந்து பாலை நக்குனாக்கூட "போங்க, அந்தப் பக்கம் போங்க"ன்னுதான் முடுக்குவா.

வந்த புதுசுல நாங்க சண்டைக்குத்தான் போனோம். ஊட்டுக்குள்ள என்னமோ புளிச்ச வாடை, சாக்கடை அடைச்சுக்கிச்சாட்ட இருக்குதுன்னு ஓனர் பொன்னுச்சாமி ஆளைக் கூட்டிட்டு வந்து மூங்கில் குச்சியை உட்டுக் குத்திப் பார்த்தாரு, ஒண்ணும் அடைப்பில்லை, கடைசியில பார்த்தா அமாக்கா ஊட்டு பக்கெட்டுல குச்சிக்கிழங்கு, அதாங்க மரவள்ளி, தோலுரிச்சு ஊறிட்டுக் கெடக்குது. இதென்ன கருமாந்தரம், நல்ல கிழங்கை அழுக உட்டுத் தின்னுவியா, ஒரு நாயம் வேண்டாமான்னு கேக்கோணும்னு நான்தான் முந்தானையை இழுத்துச் சொருகிட்டு முன்னால போனேன். போனவ நின்னு வேடிக்கை பார்த்துட்டேன். அழுகல்லாம் இல்லைங்க, மாவு புளிக்கற மாதிரி அது புளிக்குது, அவ்வளவுதான். ஊறுன கிழங்கை நாரெடுத்து, ஆட்டி, துணியில முடிஞ்சு, அம்மிக்கல்லைத் தூக்கி மேல வெச்சுத் தண்ணியெல்லாம் வடிய உட்டு, அந்த மாவைப் பச்சைத்தண்ணியில கரைச்சு அலுமினியப் போசியில ஊத்திக் கேஸ் அடுப்பு மேல வெச்சா. வெச்சுக் கிண்டுனா பாருங்க, கை உடாம, அடி புடிக்காம, மொதல்ல பாலாட்ட இருந்தது கூழாகி, கூழு பசையாகி, பசை இறுகி மரக்கரண்டியை மடக்கிப் புடிச்சுக்கற வரைக்கும் கிண்டி, சித்த தண்ணி தெளிச்சு, மூடி போட்டு, தீயைக் கொறைச்சு, மறுக்காத் தொறந்து மறுக்காக் கிண்டி. எங்க ராயிக்களியேதான்! என்ன, நாங்க போசியை எறக்கிக் காலுல அண்டக் குடுத்துட்டு ரெண்டு கையில துடுப்பைப் புடிச்சுக் கிண்டுவோம், அவ நின்ன வாக்குல அடுப்பு மேலயே கிண்டுறா.

"உப்புப் போட மறந்துட்டே கண்ணு"ன்னேன், சண்டைக்கு வந்ததை மறந்துட்டு.

"உப்பு கொழம்புக்குங்க. ஃபுஃபூக்கு இல்லீங்க"ன்னா. அவிய ஊர்ல அந்தக் களிக்குப் பேரு ஃபுஃபூவாம்.

கொழம்புன்னா அது ஒரு கொழம்பு. நம்மெல்லாம் வெண்டைக்காயை அந்த வழவழப்புப் போகோணும்னு வதக்கு வதக்குன்னு வதக்குவோம், இவ அந்த வழவழப்பு வரோணும்னே பொடிசா அரிஞ்சு கருவாட்டோட கொதிக்க உட்டிருந்தா, கரண்டியைத் தூக்குனா மூணு மொழம் நூலாட்ட வருது. உக்காருங்கன்னா. இப்பத்தான் உண்டுட்டு வந்தேன்னேன். பொய்தான், காத்தால குடிச்ச டீதான் வயித்துல இருந்துது. அவ ஒண்ணும் வற்புறுத்தல, போசி மூடியை எடுத்தா. உள்ள களி ஒரே கட்டியா இல்ல. வழவழன்னு மூணு உருண்டை, ஒண்ணை ஒண்ணு தொடாம நிக்குது. அமாக்காவுக்கு ஒண்ணு, ஒபின்னாவுக்கு ஒண்ணு, சண்டைக்கு வந்த எனக்கு ஒண்ணு.

"எங்க ஊர்ல இப்பிடி இல்லீங்க, இங்க வந்துதானுங்க இப்பிடி"ன்னு அவ சொன்னா, இங்க உப்புத்தண்ணியா இருக்குதுன்னு சொல்ற மாதிரி.

"மெல்லக்கூடாதுங்க, முழுங்கோணுங்க"ன்னும் சொன்னா. அட, எனக்கே சொல்லித் தர்றியா, களியை மென்னு தின்னா எங்க மாமியார் மண்டையிலயே ஒண்ணு வெப்பாங்கன்னு சொல்லி, புட்டு, பெருவிரல்ல குழி அமுக்கி, கொழம்புல தோச்சு, உள்ள தள்ளுனேன். தொண்டையில அது எறங்குன எறக்கத்துல என் கோவமும் எறங்கிப் போச்சு, பக்கெட்டு வாடையை அப்பறம் யாரும் பேசல.

லைன்ல கொஞ்ச நாள் இதே பழமை, இதே பேச்சுத்தான். கேஸ் அடுப்பு விசேசம்னாங்க, தண்ணி விசேசம்னாங்க, சந்தையில கிழங்கு விக்கறவன் கை விசேசம்னாங்க. அப்பறம் கரண்டு பில்லு எச்சா வந்துச்சு, அதைப் பேசப் போயிட்டாங்க. ஆனா புழக்கத்துல ஒண்ணு மாறிப் போச்சு. எங்க பக்கம் ஒரு பழக்கம் உண்டு, வந்தவங்களை உண்ணச் சொன்னா ஒடனே உக்காந்துரக்கூடாது, இப்பத்தானுங்க ஆச்சு, வயிறு நெறைஞ்சு கெடக்குதுங்க, இன்னொரு நாளைக்குப் பார்க்கலாமுங்கன்னு இழுத்து, அவங்க கையைப் புடிச்சு இழுத்தப்பறம்தான் உக்காரோணும். அமாக்கா ஊட்டுல அந்தப் பாச்சா பலிக்கல. மீட்டர் பார்க்க வந்தவன் வேண்டாம் வேண்டாம்னு படியிலயே நெளியறான், இவ போசியைச் சாய்ச்சுக் காட்டறா, உள்ள ஒரு உருண்டை எச்சா. "உங்களுக்கு உழுந்துருச்சுங்க, வாங்க." அவன் என்ன பண்ணுவான், கை கழுவிட்டு உக்காந்துட்டான். எனக்குப் பக்கத்து ஊட்டுக்காரி, எங்க கம்பெனியிலயே ஓவர்லாக் டைலர் வசந்தாமணி, ஊட்டுக்காரனோட சண்டை போட்டு அவன் சோறு வேண்டாம்னு போனா அழுதுட்டு நிக்க மாட்டா, நேரா வந்து அமாக்கா போசியைத்தான் எட்டிப் பார்ப்பா, அங்க ஒண்ணு எச்சா இருந்தா, "மகராசன் இங்கதான் வருவான்"னு சொல்லிட்டு அவ சோலியைப் பார்க்கப் போயிருவா. வருவான். மாவு என்னமோ தெனமும் அதே மாவுதான், ஆளு கூடுனா உருண்டை சின்னதாகும், கொறைஞ்சாப் பெருசாகும், ஆனா மிச்சம்னு ஒண்ணு உழுந்ததே கெடையாது.

ஓனர் பொன்னுச்சாமி மட்டும் உள்ள காலெடுத்து வெக்க மாட்டாரு. "அந்த ஊட்டுல நான் பச்சைத்தண்ணி கூடக் குடிக்க மாட்டேன்"னு வாசல்ல நின்னே வாடகை பேசிட்டுப் போவாரு. ஒபின்னா சிரிச்சுட்டே, "ஓனர், ஒரு நாள் உங்களுக்கும் உழுகும்"பான். நல்ல சிரிப்பு அவனுக்கு, தெருமுக்குல சிரிச்சா எங்க ஊட்டு அட்டாலிப் பலகை மேல டம்ளர் ஆடும்.

அவங்க அம்மா செத்துட்டாங்கன்னு சேதி வந்து ஒபின்னா ஊருக்குப் போனான். அடக்கத்தை முடிச்சுட்டு மாரியம்மன் நோம்பிக்கு முன்னால வந்துருவேன்னு சொல்லிட்டுப் போனான். அடக்கம் முடிஞ்சுது. அவன் அண்ணன்காரனுக்கு அமாக்கா போன் போட்டா. கெளம்பிட்டான், ப்ளைட்டு ஏத்தி உட்டுட்டோம்னான். கெளம்புனவன் வந்து சேரோணுமல்ல? ஒபின்னா போனுக்கு அடிச்சாச் சத்தமே இல்ல. மாரியம்மனுக்குக் கம்பம் நட்டாங்க, பூவோடு எடுத்தாங்க, நோம்பி முடிஞ்சு கம்பத்தைப் புடுங்கித் தண்ணியில உட்டுட்டு வந்துட்டாங்க, ஒபின்னா வரல. ஊரு வாயை மூட முடியுங்களா? அங்கயே ஒருத்தி இருப்பாம்பாங்க, சரக்குல ஏமாந்துட்டான் மொகத்தைக் காட்ட மாட்டாம்பாங்க. அமாக்கா அவ பாட்டுக்குத் தெனமும் கிழங்கு ஊறப் போட்டா, தெனமும் கிண்டுனா.

ஒரு நாள் மத்தியானம் உப்புக் கடன் கேக்கப் போனேன். போசி அடுப்பை உட்டு எறக்கி இருக்குது, மூடி தொறந்து இருக்குது, அவ எதுக்கால குத்த வெச்சு உக்காந்து அதையே பார்த்துட்டு இருக்கறா. உள்ள ஒத்தை உருண்டை. போசி நெறைய, அடைச்சுட்டு, அத்தாப்பெரிய ஒத்தை உருண்டை.

"நேத்தும் ஒண்ணுங்க. முந்தாநாளும் ஒண்ணுங்க. இது பொய் சொல்லாதுங்க தெய்வாக்கா. அவர் இன்னைக்கும் வர மாட்டாருங்க"ன்னா.

ஒரு மனுசி வயித்துக்குக் கிண்டுன களியே அவளைப் பார்த்து நீ தனிக்கட்டைன்னு சொல்றதை, ஒரு நாளைக்கு ஒருவாட்டி மூடியைத் தொறந்து எப்பிடிப் பார்ப்பா? உப்பை மறந்துட்டு நேரா வசந்தாமணிகிட்டப் போனேன். இந்தா பாரு, நாளையில இருந்து நம்ம ரெண்டு பேரும் மத்தியானச் சோறு அங்கதான், நம்ம ஊட்டுச் சோத்தை ராத்திரிக்கு வெச்சுக்கலாம், அந்தப் போசியில ஒத்தை உருண்டை உழுகவே கூடாதுன்னேன். அவளும் எதுக்குன்னு கேக்கல. மக்யா நாள் சங்கு ஊதுனதும் ரெண்டு பேரும் போய் உக்காந்தோம், மூணு உருண்டை உழுந்துது. அதுல இருந்து தெனமும் மூணு. அமாக்கா எங்க மொகத்தைப் பார்த்தா, போசியைப் பார்த்தா, புரிஞ்சுக்கிட்டா, கண்ணைத் தொடைச்சுட்டுக் கொழம்பு ஊத்துனா. வெண்டைக்காய்க் கொழம்பு என் ஒடம்புக்கு ஒத்துக்காம வயித்தைக் கலக்கும்ங்க, சொல்லிக்கல, முழுங்கிட்டேன்.

ஓனர் ஒரு பக்கம் நச்சரிச்சுட்டே இருந்தாரு. ஆம்பளை பேருக்குத்தான் ஊடு உட்டேன், ஆம்பளையே இல்லாத ஊட்டுல பொம்பளையத் தனியா வெச்சிருந்தா நாளைக்கு எவன் பதில் சொல்றது, காலி பண்ணச் சொல்லுங்கன்னு எங்கிட்ட வந்து சொல்லுவாரு. நீங்களே சொல்லிக்கங்கன்னு நான் மொகத்தைத் திருப்பிக்குவேன். அவருக்கும் நேரா அவகிட்டச் சொல்ல வாய் வரல, அதையும் சொல்லோணும்.

அப்பறம்தான் அந்த நாள் வந்துச்சு. சங்கு ஊதுச்சு, நாங்க போனோம், அமாக்கா மூடியைத் தொறந்தா. நாலு.

மூணு பேரும் ஒருத்தர் மூஞ்சியை ஒருத்தர் பார்த்தோம். வசந்தாமணி விரலை உட்டு எண்ணுனா, நான் எண்ணுனேன், நாலேதான். "உம்பட ஊட்டுக்காரனோட சண்டையாடி?"ன்னு வசந்தாமணியைக் கேட்டேன். இல்லவே இல்லை, இன்னைக்குக் கோழி அடிச்சு வெச்சிருக்கறேன், கையைப் புடிச்சு இழுத்தாலும் இங்க வர மாட்டான்னா. மீட்டர்க்காரன் போன வாரமே வந்துட்டுப் போயிட்டான். வேற எவன் வரப் போறான்? அமாக்கா எந்திரிச்சுப் போயி ஒபின்னா உண்ணற பெரிய வட்டலை எடுத்தா, அவன் போனதுல இருந்து கவுத்தியே வெச்சிருந்த வட்டல், அதைக் கழுவி, நாலாவது உருண்டையை அதுல வெச்சுக் கொழம்பு ஊத்தி, ஈ மொய்க்காம இன்னொரு தட்டைப் போட்டு மூடி, வாசப்படிக்கு உள்பக்கமா ரோட்டைப் பார்த்து வெச்சா. மாரியாத்தா, இது மட்டும் அவனுக்கு இல்லாமப் போச்சுன்னா நான் உங்கோயில் படி மிதிக்க மாட்டேன்னு மனசுக்குள்ள மெரட்டியே உட்டேன்.

வசந்தாமணி அவ பங்கை ஒரே மூச்சுல முழுங்கிட்டா, சந்தோசம் வந்தா அவளுக்குப் பசி எச்சாகும். அமாக்கா ரெண்டு வாய் எடுத்திருப்பா. நான் வட்டலை மடியில வெச்சுட்டு வாசலையே பார்த்துட்டு இருந்தேன், கையை வெக்கவே இல்ல. நெழல் ஒண்ணு படியில உழுந்துச்சு. ஒபின்னாதான்னு அமாக்கா எந்திரிச்சு வாசலுக்கே போயிட்டா.

பொன்னுச்சாமி. ஓனர்.

"இந்தாம்மா, இந்த மாசத்தோட..."ன்னு ஆரம்பிச்சாரு. நேருக்கு நேராச் சொல்லிப் போடோணும்னு முடிவு பண்ணிட்டே வந்திருப்பாராட்ட இருக்குது. அதுக்கு மேல பேச்சு வரல. மூஞ்சியெல்லாம் வேர்வை, கை வெடவெடன்னு ஆடுது, செவுத்தைப் புடிச்சாரு, புடி நழுவி அப்பிடியே வாசப்படியில உக்காந்துட்டாரு. சக்கரைக்காரர்ங்க அவரு, காத்தால மாத்திரையைப் போட்டுட்டு வெறும் வயித்தோட வெயில்ல அலைஞ்சிருக்கறாரு. வசந்தாமணி ஓடிப் போய் அவ ஊட்டுச் சக்கரையை அள்ளிட்டு வந்து வாயில போட்டா, கண்ணைத் தொறந்தாரு, நடுக்கம் நிக்கல. "சோறு... ஏதாவது..."ன்னாரு. பச்சைத்தண்ணி குடிக்க மாட்டேன்னவரு.

அவரு கைக்கு எட்டற தூரத்துல அந்த மூடுன வட்டல்.

அமாக்கா ரோட்டை ஒருவாட்டி பார்த்தா. ரோட்டுல ஒருத்தரும் இல்ல, வெயில் மட்டும் அடிக்குது. என் வட்டலைத் தர்றேன்டின்னு சொல்லி நான் எந்திரிக்கறதுக்குள்ள, அவ மூடுன தட்டை எடுத்துக் கீழ வெச்சுட்டா. உருண்டையைப் புட்டு, குழி அமுக்கி, கொழம்புல தோச்சு, கொழந்தைக்கு ஊட்டற மாதிரி அவரு வாயில வெச்சா. "மெல்லாதீங்க, முழுங்குங்க"ன்னா. அவரு முழுங்குனாரு. இன்னொரு வாய். இன்னொரு வாய். அப்பறம் அவரே வட்டலை வாங்கித் தின்னாரு, வழிச்சுத் தின்னாரு. நடுக்கம் நின்னு போச்சு. நாலாவது உருண்டையும் முடிஞ்சு போச்சு.

அமாக்கா உள்ள வந்து உக்காந்து, மிச்சம் வெச்சிருந்த அவ பங்கை எடுத்து மெதுவா உண்டு முடிச்சா. அழுகல. "கரெக்டுங்க. அவருக்குத்தான் உழுந்திருக்குதுங்க. போசி எப்பவும் கரெக்டுங்க"ன்னா. அவ அழுதிருந்தாக் கூட நான் தாங்கியிருப்பேன். எனக்கு அந்த ஓனரைப் பார்க்கப் பார்க்க எரிஞ்சுது, இத்தனை வருசமா இந்தப் படி ஏறாத மனுசன் இன்னைக்குத்தானா வரோணும், இந்த உருண்டையைத்தானா திங்கோணும்! அவரு படியிலயே தலையைத் தொங்கப் போட்டு உக்காந்திருந்தாரு. வட்டலைப் பார்த்து, எங்க மூஞ்சியைப் பார்த்து, யாரு பங்கைத் தின்னோம்னு அவருக்கும் தெரிஞ்சு போச்சு. காலி பண்ற பேச்சை அதுக்கப்பறம் அவரு எடுக்கவே இல்ல. என் மடியில என் பங்கு ஆறிக் கெடந்துச்சு. அதுல கை வெக்க எனக்கு மனசு வரல, அப்பிடியே வெச்சிருந்தேன். ரெண்டாஞ்சங்கு ஊதுச்சு. வசந்தாமணி போகல. நானும் போகல. சூப்பர்வைசர் கத்தட்டும்னு உக்காந்திருந்தோம்.

அட்டாலியில டம்ளர் ஆடுச்சு.

மொதல்ல நான் லாரிதான் போகுதுன்னு நெனைச்சேன். ஓனர் தலையைத் தூக்கி ரோட்டைப் பார்த்தாரு, பார்த்தவரு பதறி எந்திரிச்சுப் படியை உட்டு ஒதுங்குனாரு. "வாங்க, அட, வாங்க தம்பி, உள்ள வாங்க"ங்கறாரு, என்னமோ அவரு ஊட்டுக்கு ஒறம்பரை வந்த மாதிரி! ஆட்டோவுல இருந்து பையைத் தோள்ல போட்டுட்டு எறங்கறான் ஒபின்னா. பாதியா எளைச்சுப் போயிருக்கறான், தாடி மொளைச்சிருக்குது, சிரிப்பு மட்டும் அப்பிடியே இருக்குது.

அமாக்கா ஓடல. நின்ன எடத்துலயே நின்னு ரெண்டு கையாலயும் வாயைப் பொத்திக்கிட்டா, அப்பறம்தான் அழுதா பாருங்க, அத்தனை நாள் அழுகையும் ஒண்ணாச் சேர்த்து, அவிய பாசையில திட்டித் திட்டி, அவன் நெஞ்சுல குத்திக் குத்தி. வழியில ப்ளைட்டு மாற எறங்குன ஊர்ல பேப்பர்ல என்னமோ சரியில்லைன்னு ஒரு ரூமுக்குள்ள உக்கார வெச்சுட்டாங்களாம், போனையும் வாங்கி வெச்சுக்கிட்டாங்களாம், நேத்துத்தான் உட்டாங்களாம், உட்டதும் போன் பண்ணக்கூட நிக்காம ஓடியாந்துட்டானாம். அவன் குத்தை வாங்கிட்டே சொல்றான், வசந்தாமணி மூக்கைச் சிந்தறா, நான் கண்ணைத் தொடைக்கக் கையைத் தூக்குனா மடியில வட்டலு.

"தெய்வாக்கா, நெம்பப் பசிங்க"ன்னான் ஒபின்னா, என் மடியைப் பார்த்துட்டு.

நான் வட்டலை அவன் கையில குடுத்தேன். அவன் வாசப்படியிலயே ஓனருக்குப் பக்கத்துல உக்காந்து, ஆறிப்போன களியைப் புட்டுப் புட்டு முழுங்குனான். பாதி தின்னப்பறம்தான் என் மண்டையில ஒறைச்சுது. அமாக்கா, வசந்தாமணி, ஓனரு, ஒபின்னா. நாலு.

"அடப்பாவி போசி!"ன்னு கத்தியே போட்டேன். "தெனமும் வந்து உக்காந்து, வயித்தைக் கலக்கக் கலக்க உண்டுட்டு இருந்தேன், என்னையக் கணக்குலயே சேர்க்கலையே, பாருங்க இந்த அநியாயத்தை!" எல்லாரும் என்னையப் பார்த்தாங்க, ஓனரு மொதக்கொண்டு விரலை மடக்கி எண்ணுனாரு, எண்ணிட்டு, அவருதான் மொதல்ல சிரிச்சாரு. அப்பறம் அந்தச் சிரிப்பை யாராலயும் நிறுத்த முடியல. சிரிச்சுச் சிரிச்சு நான் தரையிலயே உக்காந்துட்டேன், நாலு உருண்டையைப் பார்த்ததுல இருந்து புடிச்சு வெச்சிருந்த மூச்சு அப்பத்தான் வெளிய வந்துச்சு. மூச்சு வந்த பொறவு பசியும் வந்துச்சு, அப்பிடியொரு பசி.

அமாக்கா மூஞ்சியைத் தொடைச்சுட்டு, மறுக்கா மாவைக் கரைச்சுப் போசியை அடுப்புல ஏத்துனா. கிண்டுனா. கை உடாம, அடி புடிக்காம, மூக்கை உறிஞ்சிட்டே, இடையில இடையில திரும்பி ஊட்டுக்காரன் இருக்கறானா, காணாமப் போயிட்டானான்னு பார்த்துட்டே கிண்டுனா. மூடி போட்டா, தீயைக் கொறைச்சா, எறக்கி என் முன்னால வெச்சா.

"நீங்க தொறங்க தெய்வாக்கா."

தொறந்தேன். ஒத்தை உருண்டை. போசி நெறைய, அடைச்சுட்டு, அத்தாப்பெரிய ஒத்தை உருண்டை. எதைப் பார்க்கக்கூடாதுன்னு வேண்டிக்கிட்டு அத்தனை நாளும் வந்து உக்காந்தேனோ, அதேதான்.

அவங்க எல்லாரும் சுத்தி உக்காந்து பார்த்துட்டு இருக்க, நான் கையைக் கழுவிட்டு வந்து, அதை மொத்தமும் ஒருத்தியே உண்டேன்.